யார் இந்த சரப சாஸ்திரி? புல்லாங்குழலைக் கச்சேரி மேடையில் ஏற்றிய பார்வையற்ற கலைஞர்

காரவள்ளியில் பஸ் ஏறினால் கொல்லிமலைக்கு 70 கொண்டை ஊசி வளைவுகள். தினமும் போய் வருபவர் கண்ணை மூடிக்கொண்டே பஸ் எந்தப் பக்கம் திரும்பும் என்று சொல்லிவிடுவார். அதைப் பழக்கம் என்போம். அதையே பார்வையற்ற ஒருவர் சொன்னால் போதும், தெய்வ வரம் என்று ஆரம்பித்துவிடுவோம்.

சினிமாவும் இதைத்தான் செய்கிறது. பார்வையற்ற பாத்திரம் என்றால் பரிதாபம், இல்லாவிட்டால் காமெடி, அதுவும் இல்லாவிட்டால் அபூர்வ சக்தி. ‘ஆங்க் மிச்சோலி’ என்ற இந்திப் படம் தொடர்பான வழக்கில் 2024 ஜூலையில் தீர்ப்பளித்த உச்ச நீதிமன்றம், மாற்றுத்திறனாளிகளைக் கேலிப்பொருளாகவோ அதிசயப் பிறவிகளாகவோ காட்டக் கூடாது என்று வழிகாட்டியது.

சரி, பின்னே எப்படித்தான் சொல்வது? கும்பகோணம் சரப சாஸ்திரியின் (1872–1904) வாழ்க்கையைப் பார்க்கலாம்.

சின்னக் குழந்தையாக இருந்தபோதே அவருக்குப் பார்வை போய்விட்டது. அவர் எடுத்துக்கொண்ட கருவி புல்லாங்குழல். கண்ணன் கையில் இருப்பது என்று கொண்டாடினார்களே தவிர, கர்நாடக இசையில் தனிக் கச்சேரி செய்யும் கருவியாக அன்று அதை யாரும் பெரிதாக நினைக்கவில்லை.

சிக்கல் கருவியிலேயே இருந்தது. நம் ராகங்களுக்கு உயிர் கமகம். ஸ்வரம் வளைய வேண்டும், அசைய வேண்டும். வீணையில் தந்தியை இழுத்து வளைக்கலாம். மூங்கிலில் போட்ட துளையை என்ன செய்வது? விரலால் பாதி மூட வேண்டும், உதட்டின் கோணத்தை மாற்ற வேண்டும், மூச்சை அளந்து விட வேண்டும். இதையெல்லாம் வாசித்து வாசித்துப் பார்த்து, ராகங்களுக்கு ஏற்ற விரல் முறை ஒன்றை சாஸ்திரி உருவாக்கினார். முழுக் கச்சேரியைத் தாங்கும் கருவியாகக் குழல் ஆனது அப்படித்தான்.

இன்னொன்று: குறுக்காகப் பிடிக்கும் கருவி இது. வாசிக்கும்போது பார்வை உள்ளவரும் தன் விரல்களைப் பார்த்து வாசிப்பதில்லை. அதிசயம் தேடுபவர்கள் கவனிக்காமல் விட்டுவிடுவது இதைத்தான்.

கதாகாலட்சேபத்திலும் அவருக்கு ஆழ்ந்த ஈடுபாடு. அந்தத் துறையில் பின்னாளில் பெரும்பெயர் எடுத்த மாங்குடி சிதம்பர பாகவதர் அவரிடம் கற்றவர்.

32 வயதிலேயே சாஸ்திரி காலமாகிவிட்டார். அவருடைய குழல் பாணியை அடுத்த அரை நூற்றாண்டுக்கு மேடையில் நிலைநிறுத்தியவர் சீடர் பல்லடம் சஞ்சீவ ராவ். பிறகு வந்த மாலி (1926–1986), வாய்ப்பாட்டைப் போலவே குழலும் ஒலிக்க வேண்டும் என்று விரல் முறையையும் ஊதும் முறையையும் மாற்றினார். இன்று மேடைகளில் அதிகம் கேட்பது மாலியின் வழி. சாஸ்திரியின் முறையில் எது போதவில்லை என்பது விரலும் மூச்சும் பற்றிய கேள்வி. அதற்குப் பதில் சொல்ல அவருடைய கண்களைப் பற்றிப் பேச வேண்டிய அவசியமே இல்லை.