பொம்மைக்கு உயிர் கொடுத்த ஜிம் ஹென்சன்



பரிசளிப்பு விழாவில் மேடையேறும் பிள்ளைகளை நாம் எல்லாரும் பாராட்டுகிறோம். கீழே உட்கார்ந்து கைதட்டும் பிள்ளைகளை நினைத்துப் பார்க்கிறோமா? அவர்களுக்காகவும் படம் எடுத்த ஒருவரின் கதையைக் கேளுங்கள்.

அவர் பெயர் ஜிம் ஹென்சன். 1936-ஆம் ஆண்டு செப்டம்பர் 24-ஆம் நாள் அமெரிக்காவின் மிசிசிப்பி மாநிலத்தில் பிறந்தார். அப்பா அரசாங்க விவசாய இலாகாவில் பயிர் ஆராய்ச்சி செய்தவர். பிறகு குடும்பம் மேரிலாந்து மாநிலத்துக்குக் குடிபெயர்ந்தது. தொலைக்காட்சிப் பெட்டி வேண்டுமென்று வீட்டாரை நச்சரித்து, 1950-இல் வாங்க வைத்துவிட்டார்! பெட்டியைப் பார்த்துப் பையன் கெட்டுப் போனானா? இல்லை. அதிலேயே தொழில் தேடிக்கொண்டான். கல்லூரியில் படிக்கும்போதே, 1955-இல், வாஷிங்டன் தொலைக்காட்சியில் 5 நிமிடப் பொம்மை நிகழ்ச்சி நடத்தத் தொடங்கினார்.

அதில் ஒரு பொம்மை எப்படிப் பிறந்தது தெரியுமா? அம்மா போட்டுக் கழித்த பழைய கோட்டு உடம்பாயிற்று. இரண்டாக வெட்டிய பிங்-பாங் பந்து கண்ணாயிற்று. அதுதான் பின்னாளில் உலகமே அறிந்த கெர்மிட் தவளை.

மரப்பொம்மையின் முகம் மாறாது. துணிப் பொம்மைக்குள் கையை விட்டு ஆட்டினால் அது சிரிக்கும், முகம் சுளிக்கும். தனியாக மேடையும் வேண்டாம், தொலைக்காட்சித் திரையே மேடை என்று கண்டுகொண்டார் ஹென்சன். ஆட்டுபவர் காமிராவுக்குத் தெரியாமல் கீழே மறைந்துகொண்டு, கையைத் தலைக்கு மேலே தூக்கியபடி வெகுநேரம் ஆட்ட வேண்டும். உயரத்துச் செம்பனைக் குலையை அறுத்தவர்களுக்கு அந்தக் கைவலி புரியும்!

ஏழைப் பிள்ளைகளும் பள்ளிக்கு வருமுன்பே எழுத்தும் எண்ணும் அறிய வேண்டுமென்று 1969-இல் தொடங்கிய ‘செசமி ஸ்ட்ரீட்’ நிகழ்ச்சிக்கு இவருடைய பொம்மைகளே உயிர்.

1977-இல் ‘எம்மெட் ஆட்டர்’ என்ற தொலைக்காட்சிப் படம் எடுத்தார். தகப்பனை இழந்த ஒரு நீர்நாய்க் குட்டியும் அதன் தாயும் கதாபாத்திரங்கள். தாய் துணி துவைத்துப் பிழைக்கிறாள். பாட்டுப் போட்டியில் பரிசு 50 டாலர். மகனுக்குக் கிட்டார் வாங்கத் தாய் ஆசைப்பட்டு, அவனுடைய ஆயுதப் பெட்டியை அடகு வைக்கிறாள். அம்மாவுக்குப் பியானோ வாங்க மகன் ஆசைப்பட்டு, அவள் துவைக்கும் தொட்டியையே ஓட்டை போட்டு வாத்தியம் ஆக்குகிறான். கடைசியில் இருவருமே தோற்றுப் போகிறார்கள்! ஆனால் வீடு திரும்பும் வழியில் அவர்கள் சேர்ந்து பாடுவதைக் கேட்ட ஒரு விடுதிக்காரர் வேலை கொடுக்கிறார். சின்னப் பிள்ளைகள் படம்தானே என்று ஹென்சன் சுருக்கிவிடவில்லை. ஸ்டுடியோவுக்குள்ளேயே ஓர் ஆற்றைக் கட்டி, ரேடியோ அலையால் இயங்கும் பொம்மையைப் படகு வலிக்க வைத்தார்.

தோல்வி அவருக்கும் புதிதல்ல. ‘மப்பெட் ஷோ’வை அமெரிக்கத் தொலைக்காட்சி நிறுவனங்கள் ஏற்கவில்லை. இங்கிலாந்து ஏற்றது. 1976 முதல் 1981 வரை 120 நிகழ்ச்சிகள் வெளிவந்தன, 100-க்கு மேற்பட்ட நாடுகள் பார்த்து மகிழ்ந்தன. 1986-இல் அவர் இயக்கிய ‘லேபிரிந்த்’ திரைப்படம் வசூலில் படுத்துவிட்டது. மனம் நொந்தார், ஆனாலும் ஓயவில்லை. அடுத்த ஆண்டே பழைய நாட்டுக் கதைகளைத் தொலைக்காட்சிக்குக் கொண்டுவந்தார்.

1990 மே மாதம் உடம்பு சரியில்லை. சாதாரணச் சளிதானே என்று ஆஸ்பத்திரிக்குப் போகத் தாமதித்தார். கிருமி முந்திக்கொண்டது. மே 16-ஆம் நாள் நியூயார்க்கில் காலமானார். வயது 53தான். பெற்றோர்களே, வேலை வேலையென்று உடம்பைக் கவனிக்காமல் விடாதீர்கள். தம் நினைவுக் கூட்டத்துக்கு யாரும் கறுப்பு உடை உடுத்தி வரக்கூடாதென்று முன்பே எழுதி வைத்திருந்தார் அவர்.

பிள்ளைகளே! இன்று பரிசு வாங்கினால் மகிழுங்கள். வாங்காவிட்டால், வீடு திரும்பும் வழியில் அம்மாவோடு சேர்ந்து ஒரு பாட்டுப் பாடுங்கள். யார் காதில் விழுமோ, யார் கண்டது!