ஆர்பக்கிள் விழுந்த கதை

ஊமைப்படக் காலத்து ஹாஸ்ய நடிகர் யார் என்று கேட்டால் விடுதி நண்பர்கள் சாப்ளின் என்பார்கள். நான் ராஸ்கோ ஆர்பக்கிளைச் சொல்வேன்.

1887-இல் அமெரிக்காவின் கான்ஸாஸ் மாநிலத்தில் பிறந்து, சிறு வயதிலேயே மேடை ஏறியவர். 1913-இல் மாக் சென்னட்டின் கீஸ்டோன் கம்பெனியில் சேர்ந்தார். பெருத்த உடல், ஆனால் கரணம் அடிப்பார், விழுந்த வேகத்திலேயே பந்துபோல் எழுவார். பருமனைக் குறித்த பட்டப்பெயர் அவருக்குப் பிடித்ததேயில்லை. 1917-இல் வந்த 'புட்சர் பாய்' குறும்படத்தைப் பாருங்கள். வெல்லப்பாகு வாங்க வந்தவனுக்குத் தொப்பி தலையோடு ஒட்டிக்கொள்ளும். கால் தரையோடு ஒட்டிக்கொள்ளும். மாவு மூட்டைகள் பறக்கும். எத்தனை முறை பார்த்தாலும் எனக்கு வயிறு வலிக்கும். ஒட்டிக்கொண்டு தவிப்பவர் பஸ்டர் கீட்டன். அவருக்கு அதுவே முதல் படம். திரைத்தொழிலின் அரிச்சுவடியை அவருக்குக் கற்பித்தவர் ஆர்பக்கிள்.

1921 செப்டம்பரில், சான்பிரான்சிஸ்கோவில் அவர் தங்கியிருந்த ஹோட்டலில் நடந்த விருந்துக்கு வந்த வர்ஜீனியா ராப்பே என்ற நடிகை, சில நாட்களில் இறந்துபோனார். பழி ஆர்பக்கிள்மேல் விழுந்தது. அந்தப் பெண்ணின் சாவும் பத்திரிகைகளுக்குச் சரக்காயிற்று. கோர்ட்டுக்கு முன்பே அவை தீர்ப்பு எழுதிவிட்டன. இருமுறை ஜூரிகள் ஒருமனப்படவில்லை. 1922 ஏப்ரலில் மூன்றாவது ஜூரி சில நிமிஷங்களிலேயே அவரை விடுவித்ததோடு, அவருக்கு அநீதி நேர்ந்ததென்று எழுதியும் கொடுத்தது. என்ன பயன்? ஆறே நாளில் வில் ஹேய்ஸ் அவர் படங்களுக்குத் தடை போட்டார். ஆண்டு முடிவதற்குள் தடை நீங்கியும் பழைய மார்க்கெட் திரும்பவில்லை. வேறு பெயரில் டைரக்ட் செய்து காலம் தள்ளினார். கீட்டன் மட்டும் கடைசிவரை நண்பராகவே இருந்தார்.

1932-இல் மீண்டும் குறும்படங்களில் நடிக்க அழைப்பு வந்தது. அப்போது படங்கள் பேசத் தொடங்கியிருந்தன. 1933 ஜூன் 29 அன்று நியூயார்க்கில் உறக்கத்திலேயே உயிர் பிரிந்தது. வயது 46.