தியாகராஜரும் வாலாஜாபேட்டைச் சீடரும்

வெளியூரிலிருந்து வருகிறவர்கள் நம் பகுதியைப் பற்றிக் கேட்டால், பெருமையோடு சொல்ல நம்மிடம் ஒரு பட்டியல் இருக்கிறது. வேலூர் என்றால் கோட்டையும் மருத்துவமனையும். ஆம்பூர், வாணியம்பாடி, இராணிப்பேட்டை என்றால் தோல் தொழில். பிரியாணியையும் மறவாமல் சேர்த்துக்கொள்கிறோம். ஆனால் இசை என்ற சொல் அந்தப் பட்டியலில் வருவதில்லை. இசைக்குத் தஞ்சாவூர், தோலுக்குப் பாலாற்றங்கரை என்று நாமே பங்கு பிரித்து வைத்துவிட்டோம். காவிரிக்கரையில் பிறந்த எத்தனையோ பாடல்கள் அழியாமல் இன்றைய உலகுக்குக் கிடைத்ததற்கு, இராணிப்பேட்டையை அடுத்துள்ள வாலாஜாபேட்டையும் ஒரு பெருங்காரணம் என்பதை நம்மில் எத்தனை பேர் அறிவோம்?

அதை அறிய வேண்டுமானால் தியாகராஜரின் வாழ்க்கையை அறிய வேண்டும். அதற்குமுன் ஒரு திரைப்படத்தைப் பற்றிச் சிறிது சொல்லிவிடுகிறோம்.

திரையில் ஒரு மேதை

ஆஸ்திரிய நாட்டு இசைமேதை மோசார்ட்டின் வாழ்க்கையை வைத்து 1984ஆம் ஆண்டில் 'அமேடியஸ்' என்ற படம் வெளிவந்தது. எட்டு ஆஸ்கார் பரிசுகளைப் பெற்ற படம் அது. அதில் யாரும் எளிதில் மறக்க முடியாத காட்சி ஒன்று உண்டு. மோசார்ட் மரணப் படுக்கையில் கிடக்கிறார். மரித்தோர்க்கான திருப்பலியில் பாடுவதற்குரிய இசையை அவர் சொல்லச் சொல்ல, அவர்மேல் பொறாமை கொண்டிருந்த சாலியேரி என்ற இசைவாணர் எழுதிக்கொள்கிறார். பார்ப்பவர் கண் கலங்குகிறது.

ஆனால் உண்மையில் அப்படி நடக்கவில்லை. 1791 டிசம்பர் 5ஆம் நாள், தம் 35ஆம் வயதில் மோசார்ட் இறந்தபோது, அந்த இசையின் முதற்பகுதி மட்டுமே முழுமை பெற்றிருந்தது. வேறு சில பகுதிகளில் பாடுவோருக்குரிய இசை மட்டும் எழுதப்பட்டிருந்தது. பக்கவாத்தியங்களுக்கு உரியது பெரும்பாலும் எழுதப்படவில்லை. கண்ணீரின் நாளைப் பாடும் பகுதி சில அடிகளோடு அறுந்து நின்றது. இசையை முடித்துக் கொடுத்தால்தான் பேசிய பணம் கிடைக்கும் என்ற நிலையில் அவருடைய கைம்பெண் கான்ஸ்டன்சா தவித்தார். கடைசியில் மோசார்ட்டுக்கு மாணவராகவும் உதவியாளராகவும் இருந்த சூஸ்மாயர் என்னும் இளைஞரே அதை முடித்துக் கொடுத்தார். இன்று உலகெங்கும் பெரும்பாலும் பாடப்படுவது அவர் முடித்த வடிவமே. எனினும் அந்த மாணவருடைய உழைப்புக்குப் படத்தில் இடம் கிடைக்கவில்லை.

இதை மனத்தில் வைத்துக்கொண்டு இனி நம் நாட்டுக்கு வருவோம்.

அரிசியும் பாட்டும்

மோசார்ட்டுக்குப் பதினொரு வயது நடந்த 1767ஆம் ஆண்டில், மே மாதம் 4ஆம் நாள், திருவாரூரில் தியாகராஜர் பிறந்தார். தந்தை இராமபிரம்மம், தாய் சீதம்மா. வீட்டில் பேசிய மொழி தெலுங்கு. குடும்பம் திருவையாற்றுக்குக் குடிபெயர்ந்தது. அங்கே சொண்டி வெங்கடரமணய்யா என்ற அரண்மனை வித்துவானிடம் சிறுவர் முறையாக இசை பயின்றார். தாயிடமும் பக்திப் பாடல்களைக் கற்றார். இராமபக்தி அவர் உயிரோடு கலந்தது.

இவ்வளவு திறமையுள்ள ஒருவர் அரண்மனைக்குப் போயிருந்தால் பொன்னும் பொருளும் குவிந்திருக்கும். தஞ்சை மன்னர் சரபோஜியின் அழைப்பு வந்தபோதும் அவர் மறுத்துவிட்டார் என்பது வழிவழியாக வரும் செய்தி. கையில் ஒரு செம்பு ஏந்தி, தெருவழியே பாடிச் சென்று, அன்றைக்குக் கிடைத்த அரிசியைக் கொண்டே தாமும் தம் குடும்பத்தாரும் தம்மிடம் தங்கிப் படித்த சீடர்களும் பசியாறும்படி வாழ்ந்தார். புனித அசிசியாரின் ஏழ்மையைப் பற்றிக் கேட்டு வளர்ந்த நமக்கு இந்த வாழ்க்கை அந்நியமானதன்று.

ஆனால் ஏழ்மையைத் தேர்ந்துகொள்கிறவரோடு வாழ்பவர்களுக்கு அது எப்போதும் எளிதாக இருப்பதில்லை. வீட்டுக்கு வந்த செல்வத்தைத் தம்பி தள்ளிவிட்டாரே என்று அண்ணன் ஜப்யேசர் ஆத்திரம் கொண்டார். தம்பி நாள்தோறும் வழிபட்டு வந்த இராமர் திருவுருவங்களை எடுத்துக் காவிரியில் எறிந்துவிட்டார் என்றும், அவை மீண்டும் கிடைக்கும்வரை தியாகராஜர் ஆற்றாது அழுது பாடினார் என்றும் சொல்வார்கள்.

இல்லறத்திலும் துயரம் இருந்தது. முதல் மனைவி பார்வதி இளமையிலேயே காலமானார். பிறகு அவருடைய தங்கை கமலாம்பாளை மணந்தார். சீதாலட்சுமி என்ற ஒரே மகள். தந்தையின் பாடல்களைக் கட்டிக்காக்க மகன் யாரும் இல்லை. ஆகவே பாட்டின் எதிர்காலம் முழுவதும் சீடர்கள் கையில் இருந்தது.

திரையில் தியாகையர்

தியாகராஜரின் கதையும் திரைக்கு வந்தது. 1946ஆம் ஆண்டு 'தியாகய்யா' என்ற தெலுங்குப் படத்தை எடுத்தவர், நமக்கு வடக்கே எல்லையோரம் இருக்கும் சித்தூரின் பெயரைத் தம் பெயரோடு சேர்த்துக்கொண்ட சித்தூர் வி. நாகையா. அதற்கு முந்தைய ஆண்டில் எம். எஸ். சுப்புலட்சுமி நடித்த 'மீரா' தமிழ்ப் படத்தில் இராணாவாக நடித்தவரும் அவரே. 'தியாகய்யா'வில் அவரே இயக்குநர், அவரே நடிகர், பாடியவரும் அவரே. பின்னர் 1981ஆம் ஆண்டில் இயக்குநர் பாபு அதே பெயரில் இன்னொரு தெலுங்குப் படத்தை எடுத்தார்.

தியாகராஜரின் வாழ்க்கை திரைக்கு மிகவும் ஏற்றது. மன்னரின் பரிசு, அண்ணனின் கோபம், ஆற்றில் விழும் திருவுருவம், கரையில் அழுகுரல், எல்லாமே கண்ணுக்குக் காட்சியாகின்றன. ஆனால் ஒரு மூலையில் உட்கார்ந்து, குரு பாடியதை ஆண்டுக்கணக்கில் எழுத்தாணியால் கீறிக்கொண்டிருக்கும் சீடரை எந்தப் படம் எவ்வளவு நேரம் காட்ட முடியும்? அந்தச் சீடரைத்தான் நாம் இப்போது பார்க்கப் போகிறோம்.

நம் ஊர்ச் சீடர்

அவர் பெயர் வெங்கடரமண பாகவதர். 1781ஆம் ஆண்டு அரியலூரில் பிறந்தவர். பட்டு நெசவுக்குப் பேர்பெற்ற சௌராட்டிர சமூகத்தவர். தஞ்சாவூரை அடுத்த அய்யம்பேட்டையில் வாழ்ந்த காலத்தில் தியாகராஜரிடம் சீடராகச் சேர்ந்தார். குருவின் பூசைக்குத் துளசி கொண்டுபோய்க் கொடுப்பதைக்கூடப் பெரும் பேறாகக் கருதினார் என்பர். நெடுங்காலம் குருவிடம் பயின்றபின் வாலாஜாபேட்டையில் குடியேறினார். அந்த ஊரே அவருக்குப் பெயராகிவிட்டது. இசையுலகம் இன்றும் அவரை வாலாஜாபேட்டை வெங்கடரமண பாகவதர் என்றே அழைக்கிறது.

ஊர் மாறியும் குருபக்தி மாறவில்லை. குருவின் மகள் சீதாலட்சுமிக்குத் திருமணம் என்று கேள்விப்பட்டதும், இராமர் படம் ஒன்றைத் தலைமேல் சுமந்துகொண்டு வாலாஜாபேட்டையிலிருந்து திருவையாறு வரை அவர் நடந்தே போனார் என்று ஒரு செய்தி வழங்குகிறது. 200 கிலோமீட்டருக்கும் மேற்பட்ட வழி. படத்தைக் கண்ட தியாகராஜர், இராமனே தம்மைக் காக்க நடந்து வந்துவிட்டான் என்று உருகி, மோகன இராகத்தில் ஒரு கீர்த்தனை பாடினாராம். இன்றும் கச்சேரிகளில் அந்தக் கீர்த்தனை கேட்கிறது. நடந்து வந்தவன் இராமன் என்று குரு பாடினார். அந்தப் படத்தோடு நடந்த கால்கள் சீடருடையவை.

ஆயினும் அவருடைய பெருந்தொண்டு அந்த நடையன்று, எழுத்து. தியாகராஜர் பாடுகிறவர். பாடியதை ஏட்டில் ஏற்றியவர்கள் சீடர்கள். வெங்கடரமண பாகவதரும், அவருடைய மகன் கிருஷ்ணசாமி பாகவதரும் குருவின் பாடல்களை ஓலையிலும் தாளிலும் எழுதிச் சேர்த்தார்கள். குருவின் வாழ்க்கை வரலாற்றையும் எழுதிவைத்தார்கள். அவற்றையே அறிஞர்கள் வாலாஜாபேட்டைச் சுவடிகள் என்று குறிப்பிடுகிறார்கள். அவை பின்னர் மதுரையிலுள்ள சௌராட்டிர சபையைச் சேர்ந்தன. தியாகராஜரைப் பற்றி ஆராய்கிறவர் யாராயினும் அவற்றை நாடாமல் இருக்க முடியாது.

தியாகராஜரின் பாடல்கள் உமையாள்புரம், தில்லைஸ்தானம், வாலாஜாபேட்டை என்ற மூன்று சீடர் மரபுகளின் வழியாகவே நம்மை எட்டின. முதல் இரண்டு ஊர்களும் காவிரி நாட்டைச் சேர்ந்தவை. மூன்றாவது நம்முடையது. பாகவதர் தாமும் கீர்த்தனைகள் இயற்றினார், மாணவர்களையும் உருவாக்கினார். பிற்காலத்தில் மைசூர் அரசவையில் புகழ்பெற்ற சதாசிவ ராவ் அவருடைய மாணவரே. 1874ஆம் ஆண்டில், தொண்ணூறு வயதைக் கடந்தபின், பாகவதர் மறைந்தார்.

கிடைத்ததும் கிடைக்காததும்

தியாகராஜர் 1847 ஜனவரி 6ஆம் நாள் திருவையாற்றில் மறைந்தார். அவர் 24,000 பாடல்கள் பாடினார் என்று மரபு சொல்லும். அந்தக் கணக்கு எப்படியிருந்தாலும், இன்று நம்மிடம் இருப்பவை ஏறக்குறைய 700. 'பிரகலாத பக்தி விஜயம்', 'நௌகா சரித்திரம்' என்ற இரண்டு இசை நாடகங்கள் கிடைத்துள்ளன. 'சீதாராம விஜயம்' என்று இன்னொன்றும் இருந்ததாகச் சொல்வர். அதன் பெயர் மட்டுமே எஞ்சியிருக்கிறது.

மோசார்ட்டின் திருப்பலி இசை எழுதி முடியாமல் நின்றது. தியாகராஜரின் படைப்போ பாடி முடிந்தும் முழுமையாக நம்மை வந்து சேரவில்லை. ஒன்றை மாணவர் முடித்தார். மற்றொன்றில் மாணவர் எழுதியது தங்கியது, எழுதாதது போயிற்று. இரண்டு கதைகளும் நமக்கு உணர்த்துவது ஒன்றே. ஆசிரியர் தம் வேலையில் பாதியைத்தான் செய்கிறார். மறுபாதி மாணவருடையது.

இன்னொரு கைம்மாறும் மீதமிருந்தது. குருவின் சமாதி காலப்போக்கில் கவனிப்பாரற்றுச் சிதைந்தது. 1921ஆம் ஆண்டில் அதைக் கேள்விப்பட்டு மனம் நொந்தவர் பெங்களூர் நாகரத்தினம்மாள் என்ற பாடகி. தம் சேமிப்பையும் நகைகளையும் செலவிட்டு, நிலத்தைப் பெற்று, அங்கே ஆலயம் எழுப்பினார். பின்னர் அது குடமுழுக்குக் கண்டது. ஆனால் அங்கு நடந்த ஆராதனை விழாவில் பெண்கள் பாடுவதற்கு அன்று இடமில்லை. ஆலயம் கட்டியவரே பாட முடியாத நிலை! அவர் சோர்ந்துவிடவில்லை. பெண் கலைஞர்களைச் சேர்த்துத் தனியே ஆராதனை நடத்தினார். 1940ஐ ஒட்டிய ஆண்டுகளில் பிரிவுகள் ஒன்றாகி, பெண்களும் எல்லோருடனும் பாடும் வழி திறந்தது. 1952ஆம் ஆண்டில் மறைந்த அந்த அம்மையாரின் நினைவிடம் தியாகராஜரின் சமாதிக்கு எதிரிலேயே இருக்கிறது.

நாம் செய்யக்கூடியது

நம்மில் பலருடைய தந்தையரும் தாய்மாரும் தோல் பதனிடும் கூடங்களிலும் காலணித் தொழிற்சாலைகளிலும் உழைக்கிறார்கள். ஒரு தோல் காலணியாக மாறுவதற்குள் எத்தனை கைகள் படுகின்றன என்பதை நாம் வீட்டிலேயே கேட்டு அறிந்திருக்கிறோம். ஊறவைப்பவர், சதை நீக்குபவர், சாயமேற்றுபவர், வெட்டுபவர், தைப்பவர் என்று எத்தனையோ பேர். ஆனால் பெட்டியின்மேல் அச்சாகும் பெயர் ஒன்றுதான். இசையிலும் அப்படியே. பெயர் தியாகராஜருடையது, அந்தப் பெயர் நிலைப்பதற்கு உழைத்த கைகளில் நம் வாலாஜாபேட்டைக் கைகளும் உண்டு. அதற்காகப் பெருமைப்படுவோம்.

பெருமையோடு நின்றுவிடவும் கூடாது. தவக்காலத்தில் நம் பாட்டிமார் பாடும் வியாகுலப் புலம்பல்கள், தாலாட்டுகள், நடவுப் பாட்டுகள் எல்லாம் எந்தப் புத்தகத்தில் இருக்கின்றன? பல, அவர்களுடைய நினைவில் மட்டுமே இருக்கின்றன. அவர்களோடு அவையும் போய்விடக் கூடும். வேறு வேறு சமயத்தைச் சேர்ந்த நம் தோழியர் வீடுகளிலும் இதே நிலைதான்.

ஆகவே, வரும் விடுமுறையில் ஒரு நாற்பது பக்க நோட்டுப் புத்தகத்தை எடுத்துக்கொண்டு பாட்டியின் பக்கத்தில் உட்காருவோம். அவர் பாடுவதைக் கேட்டு, தெரியாத சொல்லுக்குப் பொருள் கேட்டு, தேதியிட்டு எழுதுவோம். நம்மைப் பற்றி யாரும் திரைப்படம் எடுக்க மாட்டார்கள். ஆனால் நம் பேத்திமார் அந்த நோட்டைத் திறந்து பாடும் நாள் ஒன்று வரும். திறமையைத் தந்த இறைவன், அதைக் காக்கும் பொறுமையையும் நமக்குத் தந்தருள்வாராக.