மங்கித் துலங்கும் மீனைக் கண்ட இரகுநாதாசாரியார்

மார்கழித் திருவாதிரை வந்தால் எங்கள் தோட்டத்துக் கோயிலிலே விடியுமுன் மணி ஒலிக்கும். கம்பளி போர்த்துக்கொண்டு வந்து நிற்கும் மாணவர்க்கு, மேற்கு வானிலே தாழ்ந்து நிற்கும் ஆதிரை மீனை யான் ஆண்டுதோறும் காட்டுவதுண்டு. இறைவனுக்கு ஆதிரையான் என்னும் பெயர் வாய்த்ததையும், அவன் தீவண்ணன் என்பதையும் கூறுவேன். சிவந்த மீன் ஆதலின் அஃது ஏனைய மீன்களினும் வெப்பம் மிக்கது என்று முடிப்பேன்.

சில ஆண்டுகளுக்கு முன்னர் ஒரு மாணவன் எழுந்து ஓர் ஐயம் எழுப்பினான். அவன் தந்தை தேயிலைத் தொழிற்சாலையிலே அடுப்புக்கு விறகு போடுபவர். அடுப்பு நன்கு மூண்டு எரியும்போது தழல் மஞ்சளாகவும் வெண்மையாகவும் இருக்கிறது, தணியும்போதே சிவக்கிறது, அங்ஙனமாயின் சிவந்த மீன் வெப்பம் குறைந்தது அன்றோ என்று அவன் வினவினான். என்னால் விடை கூற இயலவில்லை. அன்றிரவு நூல்களைப் புரட்டினேன். அவன் கூறியதே உண்மை. ஞாயிற்றின் மேற்பரப்பு ஏறக்குறைய 5,500 பாகை வெப்பம் உடையது. ஆதிரையோ 3,500 பாகையை எட்டாதது. முப்பது ஆண்டுகளாகப் பிழை கற்பித்திருக்கிறேனே என்று நாணினேன்.

அந்த நாணத்தினால் தொடங்கிய படிப்பிலேதான் சிந்தாமணி இரகுநாதாசாரியாரைச் சந்தித்தேன். வானியல் வரலாறு கற்றோர் நன்கறிந்த அப்பெயரை நம் தமிழ் வகுப்பறைகள் அறியாதிருப்பது வருந்தத்தக்கது.

சென்னை நுங்கம்பாக்கத்திலே 1792ஆம் ஆண்டில் கிழக்கிந்தியக் கம்பெனியார் ஒரு வானாய்வுக்கூடம் கட்டினர். இரகுநாதாசாரியார் அங்கே இளமையிலேயே பணிக்குச் சேர்ந்து, படிப்படியாக உயர்ந்து, முதல் உதவியாளர் ஆனார். பஞ்சாங்கம் கணிக்கும் மரபிலே வந்தவர் அவர். 1861இல் நார்மன் போக்சன் என்னும் ஆங்கில அறிஞர் அக்கூடத்தின் தலைவராக வந்தார். விண்மீன்களின் ஒளித்தரத்தை அளக்க இன்றும் உலகம் பயன்படுத்தும் அளவுகோலை 1856இல் வகுத்தவர் அவரே. ஒளித்தரம் ஐந்து படி வேறுபட்டால் ஒளி நூறு மடங்கு வேறுபடும் என்பது அதன் விதி.

உதவியாளரின் பணி யாது? தொலைநோக்கியின் உள்ளே குறுக்கும் நெடுக்குமாக மெல்லிய இழைகள் உண்டு. ஒவ்வொரு மீனும் அவ்விழைகளைக் கடக்கும் கணத்தைக் கடிகாரத்தோடு ஒப்பிட்டுக் குறிக்க வேண்டும். இரவுதோறும் அதே வேலை; விடிந்தால் கணக்கு. ஆயிரக்கணக்கான மீன்களின் நிலையை வரையறுக்கும் சென்னை விண்மீன் அட்டவணை இவ்வாறுதான் உருவாயிற்று. புகழ் தரும் பணியன்று அது. பொறுமை வேண்டும் பணி.

அப்பொறுமைக்கு 1867ஆம் ஆண்டு சனவரியிலே ஒரு பயன் கிட்டியது. தென்வானிலே ரெட்டிக்குலம் என்னும் சிறிய கூட்டத்தைச் சேர்ந்த ஒரு மீன், ஒளி மாறுவது என்பதை அவர் கண்டார். ஆர் ரெட்டிக்குலி என்று அஃது இன்று வழங்கப்படுகின்றது. லக்காய் என்னும் பிரெஞ்சு அறிஞர் பதினெட்டாம் நூற்றாண்டிலே தென்வானை ஆராய்ந்தபோது, தொலைநோக்கியின் இழைவலையை நினைந்தே அக்கூட்டத்துக்கு அப்பெயர் சூட்டினார். எந்த இழைவலையின் முன்னே தம் இரவுகளைக் கழித்தாரோ, அதன் பெயர் கொண்ட கூட்டத்திலேயே நம் ஆசாரியாரின் மீன் அகப்பட்டது!

அம்மீன் ஏறக்குறைய 280 நாள்களுக்கு ஒருமுறை துலங்கி மங்குவது. துலங்கும்போது வெறுங்கண்ணின் எல்லைக்குச் சற்று அப்பால் நிற்கும். மங்கும்போது நல்ல தொலைநோக்கிக்கும் அரிதாகும். இரண்டிற்குமிடையே ஒளி 500 மடங்குக்கு மேல் வேறுபடும். இத்தகைய மீன்களை மீரா வகை என்பர். அவ்வகையின் முதல் மீனை 1596இல் ஐரோப்பியர் கண்டனர்.

ஏன் இவ்வாறு மங்குகின்றது? ஆசாரியார் காலத்திலே எவரும் அறியார். இருபதாம் நூற்றாண்டின் ஆராய்ச்சியே விடை தந்தது. விண்மீன் தன் நடுவிலே ஐதரசனை ஈலியமாக்கி ஒளிர்கின்றது. நடுவிலுள்ள ஐதரசன் தீர்ந்ததும் அந்நடுப்பகுதி சுருங்கி மேலும் சூடேறும். புறப்பகுதியோ பன்மடங்கு விரியும். விரிந்த பரப்பு குளிர்ந்து சிவக்கும். உள்ளே வெப்பம் ஏறப் புறம் தணிகின்றது என்பதே வியப்பு. பரப்பிலே தணிந்தாலும் உடல் மிகப் பெரிதாகலின் மொத்த ஒளி மிகும். பின்னர் ஈலியமும் எரிந்து காபன் ஆகும். இந்த முதுமையிலே மீன் மூச்சு விடுவதுபோல விம்மியும் சுருங்கியும் துடிக்கும். குளிர்ந்த வேளையிலே அதன் வளிமண்டலத்திலே தைத்தேனியம் ஒட்சைட்டு போன்ற மூலக்கூறுகள் மிகுந்து, கண்ணுக்குப் புலனாகும் ஒளியை விழுங்கிவிடும். ஆகவே மீன் அணைந்துபோனதுபோல் தோன்றும். உண்மையில் அதன் மொத்த ஆற்றல் அவ்வளவு குறைவதில்லை. ஒவ்வொரு துடிப்பிலும் புறத்து வாயு சிறிது சிறிதாக எழும்பிக் குளிர்ந்து தூசாகும். ஒளி அத்தூசை வெளியே தள்ளும். இவ்வாறு உடலைக் கொடுத்துக் கொடுத்து, ஈற்றில் ஒரு சிறு வெண்மணி மாத்திரம் எஞ்சும். நம் ஞாயிறும் சுமார் 500 கோடி ஆண்டின் பின் இவ்வழியே செல்லும். திருவாதிரை இதனினும் மிகப் பெரியது. அதன் முடிவு வெடிப்பாகும். 2019ஆம் ஆண்டின் இறுதியிலிருந்து சில திங்கள் அது வெறுங்கண்ணுக்கே மங்கித் தோன்றியதும், அது கக்கிய வாயு தூசாகி மறைத்தமையால் என ஆய்ந்தோர் கண்டனர்.

ஆசாரியாரின் வாழ்க்கையிலே இதனினும் பெரிய முயற்சி ஒன்று உண்டு. பழைய வாக்கியங்களைக் கொண்டு கணித்த பஞ்சாங்கம் வானிலே காணும் கோள்நிலையோடு பொருந்தாதிருந்ததை அவர் அறிந்தார். மரபை அவர் இகழவில்லை. கண்டறிந்த நிலையோடு கணிதம் ஒத்திருத்தல் வேண்டும் என்றார். 1860களின் இறுதியிலிருந்து திருக்கணித முறையில் பஞ்சாங்கம் வெளியிட்டார். மரபின் உள்ளே பிறந்த ஒருவர் மரபைத் திருத்த முன்வருவது எத்துணைத் துணிவு! வாக்கியமா திருக்கணிதமா என்ற வழக்கு நம் வீடுகளிலும் இன்றளவும் தீரவில்லையே.

1868 ஆகத்து 18இல் நேர்ந்த முழுச் சூரிய கிரகணத்தைக் காண ஒரு குழுவோடு வனபர்த்திக்குச் சென்றார். முகில் வந்து கெடுத்தது. அவர் தளரவில்லை. 1874 திசம்பர் 9இல் வெள்ளி ஞாயிற்றைக் கடக்கும் காட்சி நேரவிருந்தபோது, பொதுமக்கள் அறியும்பொருட்டு, ஒரு பண்டிதரும் ஒரு சித்தாந்தியும் உரையாடும் வடிவிலே நூல் ஆக்கி, ஆங்கிலத்தோடு நம் நாட்டு மொழிகளிலும் வெளியிட்டார். அந்நூலிலே ஐயம் கேட்பவர் பண்டிதர் என்பதை எண்ணி யான் சிரித்துக்கொண்டேன்.

1872 சனவரியிலே இலண்டன் அரச வானியற் கழகம் அவரை உறுப்பினராக ஏற்றது. அக்கழகத்தின் முதல் இந்திய உறுப்பினராக அவர் போற்றப்படுகின்றார். 1880 பெப்ரவரி 5இல் அவர் மறைந்தார்.

அவர் அம்மீனைக் கண்ட அதே 1867இலேதான் லூல்கந்துராவிலே சேம்சு தெயிலர் 19 ஏக்கரிலே தேயிலை நட்டார். சென்னை மாகாணத்திலிருந்து நம் முன்னோர் கோப்பித் தோட்டங்களை நோக்கிக் கடலும் காடும் கடந்து நடந்த காலம் அது. இன்று நாம் கிள்ளும் கொழுந்திலுள்ள காபனில் ஒரு பகுதி, நம் உலகம் தோன்றுமுன்னரே முதிர்ந்து மறைந்த அத்தகைய மீன்களில் விளைந்தது.

சனவரி மாதத்து முன்னிரவிலே தெற்கே அகத்திய மீனைப் பாருங்கள். அதற்கு வலப்புறமாகச் சற்றுத் தாழ இருப்பதே ரெட்டிக்குலம். சென்னையைவிட நம் மலைநாடு தெற்கே இருத்தலால் இங்கே அது சற்று உயர்ந்தே தோன்றும். எதிரே மலை மறைக்காத இடமும் பனிமூட்டம் இல்லாத இரவும் வேண்டும். இப்பொழுதெல்லாம் திருவாதிரையன்று யான் ஆதிரை மீனைக் காட்டும்போது, அது குளிர்ந்து முதிர்ந்த மீன் என்றே கூறுகின்றேன். அதனை எனக்குக் கற்பித்தவன் ஒரு மாணவன் என்பதையும் மறவாமற் சேர்த்துச் சொல்கின்றேன்.