கைவிடப்பட்டோருக்கு ஒரு வைத்தியசாலை: டாக்டர் முத்துலட்சுமி அம்மையார்

பெண்பிள்ளைகளுக்கென்றே எழுந்த பாடசாலையில் கற்றவர்கள் நாம். 1886 ஆம் ஆண்டு புதுக்கோட்டையிற் பிறந்த முத்துலட்சுமி அம்மையாருக்கு அந்த வாய்ப்பு எளிதிற் கிட்டவில்லை. ஆண்கள் பயின்ற மகாராஜா கல்லூரியில் அவரைச் சேர்ப்பதைப் பலர் எதிர்த்தனர். தாயார் தேவதாசி குலத்தவர் என்பதையும் ஒரு குறையாகச் சொன்னார்கள். மன்னரின் ஆதரவாலேயே இடம் கிடைத்தது. பின்னர் சென்னை மருத்துவக் கல்லூரியிற் சேர்ந்து, 1912 இல் வைத்தியப் பட்டம் பெற்றார்.

தேவதாசி முறை ஒழிப்புக்காக உழைத்தவர், சென்னைச் சட்டசபையின் உப தலைவராக இருந்தவர், ஒளவை இல்லத்தை நிறுவியவர் என அவரைப் பலரும் அறிவர். நாம் இம்மலரில் நினைவுகூர விரும்புவது அவரது மற்றொரு பணியையே.

1923 இல் அம்மையாரின் தங்கை புற்றுநோயாற் காலமானார். தமக்கை வைத்தியராக இருந்தும் காப்பாற்ற வழியிருக்கவில்லை. அத்துயரம் அவர் மனத்தை விட்டு அகலவில்லை. 1925 இல் மேற்படிப்புக்காக இலண்டன் சென்றபோது, புற்றுநோய்க்கென்றே அமைந்த வைத்தியசாலையொன்றில் அந்நோய் பற்றிக் கற்றார். இத்தகையதொன்று எமது மக்களுக்கும் வேண்டும் என்ற எண்ணம் அவரிடம் வேரூன்றியது.

புற்றுநோய் வந்தவர் எப்படியும் இறப்பவர்தானே, அவருக்கு எதற்குத் தனி வைத்தியசாலை என்ற மனப்போக்கே அன்று அதிகாரத்திலிருந்தோரிடம் மேலோங்கியிருந்தது. அம்மையார் சோர்ந்துவிடவில்லை. இந்திய மாதர் சங்கத்தின் மூலம் புற்றுநோய் நிவாரண நிதியொன்றைத் திரட்டப் பொதுமக்களிடம் கையேந்தினார். அப்போது அவர் அறுபது வயதைத் தாண்டியிருந்தார்.

1952 இல் பிரதமர் நேரு அடையாற்றில் அடிக்கல் நாட்டினார். 1954 இல் 12 கட்டில்களுடன், குடிசைகளில், வைத்தியசாலை தொடங்கியது. அவரது மகன் டாக்டர் கிருஷ்ணமூர்த்தியும், அடுத்த ஆண்டிற் சேர்ந்த டாக்டர் சாந்தாவும் அதனை வளர்த்தெடுத்தனர். ஏழைகளுக்கு இலவசமாகவும் குறைந்த செலவிலும் சிகிச்சையளிப்பது அதன் நெறியாயிற்று. அம்மையார் 1968 இல் மறைந்தார். வைத்தியசாலை இன்றும் இயங்குகிறது.

வடக்கிலிருந்தும் கிழக்கிலிருந்தும் நோயாளரை மகரகமவுக்கு அழைத்துச் சென்று, விடுதி வாசலிற் காத்திருந்த குடும்பங்கள் எம்மிடையேயும் உண்டு. தூரமும் பணமும் ஓர் உயிருக்கு எவ்வளவு பெரிய தடையென்பதை அவர்கள் அறிவார்கள். உலகெங்கும் பரந்து வாழும் எம் தோழியரே, அயலில் யாரேனும் சிகிச்சைக்கு வழியின்றி நிற்கக் கண்டால், ஒரு தங்கையின் மரணத்தை மறவாது 30 ஆண்டுகள் உழைத்த இந்தத் தமக்கையை நினைத்துக்கொள்வோம்.