தயானந்த் பண்டோத்கர்

தயானந்த் பாலகிருஷ்ண பண்டோத்கர் (மார்ச் 12, 1911 - ஆகஸ்ட் 12, 1973) கோவா, தாமன், தியூ ஒன்றியப் பகுதியின் முதலாவது முதலமைச்சர் ஆவார். இவர் பாவுசாகேப் என அழைக்கப்பட்டார். கோவாவை மகாராட்டிரத்துடன் இணைப்பதே இவரது முதன்மைக் கொள்கை. 1967 இல் மக்கள் வாக்கெடுப்பில் அதனை நிராகரித்தனர். ஆயினும் அதே ஆண்டு இவரது கட்சியையே மீண்டும் ஆட்சியில் அமர்த்தினர்.

அரசியல் வாழ்க்கை

வட கோவாவின் பெர்ணேமில் பிறந்த இவர் சுரங்க உரிமையாளராகச் செல்வம் ஈட்டினார். போர்த்துக்கேய ஆட்சி 1961 டிசம்பர் 19 இல் முடிவுற்றது. 1963 தேர்தலில் இவரது மகாராட்டிரவாதி கோமந்தக் கட்சி தன் கூட்டாளியுடன் 30 இடங்களில் 16 ஐ வென்றது. பிற்படுத்தப்பட்ட சாதியினரும் குத்தகை விவசாயிகளும் இவருக்குப் பெரும் ஆதரவளித்தனர். 1964 இல் குத்தகையாளர் பாதுகாப்புச் சட்டம் இயற்றப்பட்டது. சிற்றூர்களில் பள்ளிகள் பல திறக்கப்பட்டன.

1967 வாக்கெடுப்பு

வாக்கெடுப்பு நடுநிலையாக நடைபெறும் பொருட்டு இவரது அமைச்சரவை 1966 டிசம்பரில் பதவி விலகியது. இணைப்புக்குப் பூவும், ஒன்றியப் பகுதியாகத் தொடர்வதற்கு இரட்டை இலையும் சின்னங்களாயின. 1967 சனவரி 16 இல் நடந்த வாக்கெடுப்பில் இணைப்புக்கு ஆதரவாக 1,38,170 வாக்குகளும் எதிராக 1,72,191 வாக்குகளும் பதிவாயின.

இணைப்பு தோல்வியுற்றதற்கான காரணங்கள்:

* கொங்கணி மராத்தியின் வட்டார வழக்காகக் கருதப்பட்டுவிடும் என்ற அச்சம்.
* பெரிய மாநிலத்தில் சிறுபான்மையினராகச் சுருங்கிவிடுவோம் என்ற கத்தோலிக்கரின் கவலை.
* தனிச் சட்டமன்றத்தையும் உள்ளூர் அரசுப் பணிகளையும் இழக்க நேரிடும் என்ற எண்ணம்.
* மகாராட்டிரத்தின் மதுவிலக்கு கள் இறக்குவோரின் பிழைப்பைப் பாதிக்கும் என்ற பரப்புரை.

கோவாவில் இந்துக்களே பெரும்பான்மையினர் என்பதால் அவர்களில் ஒரு பகுதியினரும் எதிர்த்து வாக்களித்தனர் என்பது தெளிவு. மராத்தி நாளிதழான ராஷ்டிரமத் இணைப்பை எதிர்த்து எழுதியது இதற்குத் துணைபுரிந்தது.

1967 மார்ச் தேர்தலில் இவரது கட்சி மீண்டும் 16 இடங்களைப் பெற்றது. மக்கள் இவரது ஆட்சியை ஏற்றனர். தம் சட்டமன்றத்தைக் கலைத்துவிடும் இணைப்பையே மறுத்தனர். புதுச்சேரியைத் தமிழ்நாட்டுடன் இணைக்கும் யோசனைக்கு 1979 இல் எழுந்த எதிர்ப்பு இதனோடு ஒப்பிடத்தக்கது.

மறைவு

பண்டோத்கர் 1973 இல் பதவியில் இருக்கும்போதே காலமானார். இவரது மகள் சசிகலா காகோத்கர் அடுத்த முதலமைச்சரானார். கோவா 1987 மே 30 இல் தனி மாநிலமாயிற்று.