மேடைக்குப் பாட்டுக் கட்டிய மீனாட்சியம்மை

1977 வன்செயலில் மலையகத்தை விட்டு வவுனியாவுக்கு ஓடிவந்த குடும்பம் எங்களது. அட்டன் பேச்சு வந்தால் தாத்தா நடேசய்யரைச் சொல்லுவார். அவருடைய மனைவி மீனாட்சியம்மையின் பெயர் எனக்கு வெகுகாலம் தெரியாது.

தஞ்சாவூரிலிருந்து வந்த நடேசய்யர் 1924 இல் ‘தேசபக்தன்’ பத்திரிகையைத் தொடங்கினார். 1931 இல் தோட்டத் தொழிலாளர் சம்மேளனம். 1936 இல் அட்டன் தொகுதி உறுப்பினராக அரசாங்க சபை. அவர் கூட்டம், வழக்கு என்று அலைய, பத்திரிகை வேலையைத் தோளில் போட்டுக்கொண்டவர் அம்மைதான். பெண்களுக்கு வாக்குரிமை வேண்டும் என்று எழுதினார்.

ஆனால் லயத்தில் பத்திரிகை படிக்கத் தெரிந்தவர் எத்தனை பேர்? அதனால் பாட்டை எடுத்தார். சனங்களுக்குப் பழகிய மெட்டில் சொற்களைக் கட்டிக் கூட்டங்களில் பாடினார், அச்சிட்டும் கொடுத்தார். கேட்டவர் வாயோடு லயத்துக்குள் போகும் பாட்டை எந்தத் துரையால், எந்தக் கங்காணியால் பறிக்க முடியும்?

1940 இல் இந்தியர்களின் இலங்கை வாழ்க்கை பற்றிய அவரது பாடல் நூல் வெளிவந்தது. இந்தியத் தொழிலாளரை வேலையிலிருந்து நிறுத்தித் திருப்பி அனுப்பும் முயற்சிகள் நடந்த காலம் அது. 1947 இல் நடேசய்யர் இறந்தார். அடுத்த வருடமே குடியுரிமைச் சட்டம் வந்தது. தாத்தா நாடற்றவரானார், சாகும்வரை அவர் ஒரு வாக்கும் போடவில்லை.